அங்கே இந்தியர், இங்கே சிலோன்காரர்

சாயல்குடியைச் சுற்றி நிற்கும் பனைக்கும் யாழ்ப்பாணத்துப் பனைக்கும் யாதொரு வேற்றுமையும் இல்லை. ஓலையும் ஒன்றே, பாளையும் ஒன்றே. ஆயினும் விடிலியில் பதனீரைக் காய்ச்சி நாம் எடுப்பது கருப்பட்டி. அதையே அவர்கள் பனங்கட்டி என்பர். கிழங்கை நாம் அவித்துத் தின்று முடித்து விடுகிறோம். அவர்களோ அதைப் பிளந்து வெயிலில் உலர்த்தி ஒடியலாக்கி, இடித்து மாவெடுத்து, மீனும் நண்டும் கீரையும் சேர்த்துக் கூழ் காய்ச்சுவர். பழத்தின் களியைப் பாயில் பரப்பிக் காயவைத்துப் பனாட்டு செய்து மாதக்கணக்கில் வைத்துண்பர். ஒரே மரத்தைக் கொண்டு இரு கரையினரும் இரண்டு அடுப்படிகளை உண்டாக்கியிருக்கின்றனர். தனுஷ்கோடி முனைக்கும் தலைமன்னாருக்கும் இடையே உள்ள கடலோ ஏறக்குறைய 30 கிலோமீட்டர்தான்.

இந்தச் சிறு வேற்றுமைகளைப் பற்றித்தான் இம்மாதம் எழுத விரும்புகிறோம். பிறந்த ஊரைவிட்டு விரட்டப்பட்ட மனிதனுக்கு நிலமும் வீடும் போய்விடுகின்றன என்பதை எவரும் அறிவர். ஆனால் ஒடியற் கூழும், பனங்கட்டி என்ற சொல்லும், அவற்றோடு ‘நான் இன்னார்’ என்று தயங்காமல் கூறும் துணிவும் மெல்ல மெல்லப் போய்விடுவதைப் பிறர் எளிதில் காண்பதில்லை. இராமநாதபுரம் கடற்கரையில் வாழும் நாம் இதைக் காணாதிருக்க நியாயமில்லை. ஏனெனில் அந்த மக்கள் வந்து இறங்கிய வாசல் நம்முடையது.

மண்டபம் முகாமை நம் வாசகர் அனைவரும் அறிவர். அதை அகதிகளுக்கென்று கட்டிய இடமாகவே நம் பிள்ளைகள் எண்ணுகின்றனர். உண்மை அதுவன்று. வெள்ளையர் ஆட்சியில், இலங்கைத் தோட்டங்களுக்குச் செல்லும் கூலித் தொழிலாளரை நிறுத்திவைத்து, அம்மை குத்தி, நோய் உண்டா என்று பார்த்து அனுப்புவதற்காக அமைந்த தடுப்பு முகாம் அது. 1914ஆம் ஆண்டில் பாம்பன் பாலம் திறக்கப்பட்டது. தனுஷ்கோடி வரை ரயிலும், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பலும் ஓடத் தொடங்கின. அதற்கு முன்னர் நம் கரையிலிருந்து பாய்மரத் தோணியில் மன்னார் சேர்ந்து, காட்டுவழியே கண்டிச் சீமைக்கு நடந்தவர்களில் வழியிலேயே மாண்டவர் கணக்கற்றோர். இராமநாதபுரம், புதுக்கோட்டை, திருச்சி, சேலம் என்று வறண்ட பகுதிகளிலிருந்து கங்காணி அழைத்துச் சென்ற அம்மக்கள், தோட்டத்தின் அடையாளம் பொறித்த தகரத் துண்டைக் கழுத்தில் கட்டிக்கொண்டு போயினர். மனிதனுடைய பெயரைவிட அந்தத் தகரத்துக்கு மதிப்பு அதிகம்.

நூறாண்டுகளுக்கு மேல் அம்மக்கள் தேயிலையும் ரப்பரும் வளர்த்தனர். லயங்களில் பிறந்தனர், அங்கேயே புதைக்கப்பட்டனர். இலங்கை விடுதலை பெற்ற 1948ஆம் ஆண்டிலேயே வந்த குடியுரிமைச் சட்டம் அவர்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர் ஆக்கியது. 1964 அக்டோபர் 30ஆம் நாள் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டனர். மொத்தம் 9,75,000 பேர் என்று கணக்கிட்டு, 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென்று முடிவாயிற்று. எஞ்சிய 1,50,000 பேரின் தலைவிதி பின்னர் பார்த்துக்கொள்ளலாம் என ஒத்திவைக்கப்பட்டது. 1974இல் அவர்களையும் பாதிப்பாதியாய்ப் பகிர்ந்துகொண்டனர். இத்தனை பேருள் ஒருவரையேனும் ‘உமக்கு எந்த நாடு வேண்டும்?’ என்று ஒப்பந்தத்துக்கு முன் கேட்டதில்லை. தானியத்தைக்கூட அளந்து பார்த்துத்தான் பங்கிடுவர். இங்கே மக்களை எண்ணிப் பங்கிட்டனர்.

ஒப்பந்தம் ஆன இரண்டாவது மாதமே, டிசம்பர் 22 இரவு அடித்த புயலில் தனுஷ்கோடி அழிந்தது. பின்னர் இராமேசுவரத்திலிருந்து தலைமன்னாருக்குக் கப்பல் சென்று வந்தது. பிறந்த குழந்தைகளையும் சேர்த்து நான்கு லட்சத்துக்கு மேற்பட்டோர் இவ்வாறு தாயகம் திரும்பினர். அவர்களுக்கு அரசு வைத்த பெயர் அதுவே: தாயகம் திரும்பியோர். தாங்கள் ஒருநாளும் கண்டிராத ஊரைத் தாயகம் என்று சொல்லக் கேட்டபோது அவர்கள் என்ன நினைத்திருப்பர்! பாட்டன் பெயரைச் சொல்லிக்கொண்டு பூர்வீகக் கிராமத்துக்குப் போனவருக்குக் காணியும் இல்லை, உறவு கொண்டாட ஆளும் இல்லை. சிலருக்கு நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டத்தில் வேலை கிடைத்தது. கொழுந்து பறிக்கத் தெரிந்த கைகள் அல்லவா! வேறு சிலர் கொடைக்கானல் மலைக்காடுகளில் ஒப்பந்தக்காரர்களிடம் முன்பணம் வாங்கிக் கொத்தடிமைகளாயினர். குளிர் மலையில் வளர்ந்த பலருக்குச் சமவெளியில் கடை வைக்கக் கடன் கொடுக்கப்பட்டது. தராசு பிடித்துப் பழகாதவர்க்குக் கடை எவ்வாறு நிலைக்கும்? கடன் மட்டுமே நிலைத்தது.

இலங்கையில் அவர்களை இந்தியத் தமிழர் என்றனர். கோபம் வந்தால் கள்ளத்தோணி என்றனர். இங்கு வந்தபின் சிலோன்காரர் என்றனர். இரண்டு நாட்டிலும் மற்ற நாட்டின் பெயரால் அழைக்கப்படுவதைக் காட்டிலும் பெரிய அநாதை நிலை மனிதனுக்கு வேறு உண்டோ என்று நாம் ஐயுறுகிறோம். இது நம்மவர்க்கு மட்டும் நேர்ந்ததும் அன்று. பர்மாவிலிருந்து 1960களில் வெளியேற்றப்பட்ட தமிழருள் சிலர் இங்கே காலூன்ற முடியாமல், நடந்தே பர்மா திரும்ப முயன்று, எல்லையில் தடுக்கப்பட்டு, மணிப்பூரின் மோரே என்னும் ஊரிலேயே தங்கிவிட்டனர். அவ்வூரில் தமிழ்ச் சங்கமும் தமிழர் கோயிலும் இருப்பதன் காரணம் அதுவே.

1983 சூலை மாதக் கலவரத்துக்குப் பின்னர் நடந்தது நம் வாசகர் பலர் நேரில் கண்ட செய்தி. யாழ்ப்பாணம், மன்னார், வவுனியா, திருகோணமலை என்று பல பகுதியினர் படகேறினர். 1987 வரை ஓர் அலை. 1990 முதல் இன்னோர் அலை. 1996க்குப் பின் மற்றொன்று. 2006 முதல் 2009இல் போர் முடியும்வரை கடைசி அலை. பணம் வாங்கிக்கொண்ட படகோட்டிகள் பலரை இரவில் மணல் திட்டுகளில் இறக்கிவிட்டுப் போயினர். பொழுது விடிந்தபின் நம் மீனவர் கண்டு கரை சேர்த்தவர் எத்தனையோ பேர். 2022இல் இலங்கையின் பொருளாதாரம் நொடிந்தபோதும் அதே மணல் திட்டுகளில் குழந்தைகளோடு குடும்பங்கள் நின்றன.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். இவ்வாறு அகதிகளாய் வந்தவருள் மலையகத் தமிழரும் கணிசமாக இருந்தனர். 1977ஆம் ஆண்டுக் கலவரத்தில் தோட்டங்களிலிருந்து துரத்தப்பட்டு வவுனியாப் பக்கம் குடியேறி, அங்கும் வாழ முடியாமல் படகேறியவர்கள் அவர்கள். கொள்ளுப்பாட்டன் இராமநாதபுரச் சீமையிலிருந்து மண்டபம் வழியாகக் கூலியாய்ப் போனான். கொள்ளுப்பேரன் அதே மண்டபம் வழியாக அயல்நாட்டானாய்த் திரும்பினான். அவன் தோட்டத்தில் நின்றது பெரட்டு. இவன் முகாமில் நிற்பது கணக்கெடுப்பு. பத்தடிக்குப் பத்தடி அறையில் குடும்பம் முழுவதும் வாழ்வதென்பது லயத்திலும் முகாமிலும் மாறவில்லை. இடையே நூறாண்டுகள் கழிந்திருக்கின்றன என்பதைத் தவிர என்ன வேற்றுமை சொல்வது?

முகாம் வாழ்வின் இன்னல்களை விரித்துரைக்க நாம் முற்படவில்லை. 1991இல் இராஜீவ் காந்தி கொல்லப்பட்ட பின் கெடுபிடிகள் இறுகின என்பதும், ஒரு குற்றத்துக்காக ஒன்றும் அறியாத தாய்மாரும் ஐயத்துடன் நோக்கப்பட்டனர் என்பதும் உண்மை. அரசு அரிசியும் மாத உதவித்தொகையும் தந்ததும், தொண்டு நிறுவனங்கள் உழைத்ததும் உண்மையே. தந்தை செல்வநாயகத்தின் மைந்தர் சந்திரகாசன் 1984இல் தொடங்கிய ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகத்தில் அகதிகளே அகதிகளுக்கு ஆசிரியர்களாயினர். இயேசு சபைத் தலைவர் பேதுரு அருப்பே 1980இல் தோற்றுவித்த அகதிகள் பணிக்குழுவும் நம் மாநில முகாம்களில் மாலை வகுப்புகள் நடத்தி வந்துள்ளது. 2021இல் தமிழக அரசு, முகாம்களை இனி ‘இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்’ என்றே அழைக்க வேண்டும் என்றது; இற்றுப்போன குடிசைகளுக்குப் பதிலாக 7,469 வீடுகள் கட்டுவதாகவும் அறிவித்தது. பெயர் மாற்றம் சிறியது என்று சிலர் நகைத்தனர். பள்ளியில் ‘அகதிப் பிள்ளை’ என்று அழைக்கப்பட்ட குழந்தையைக் கேட்டால் அது சிறியதா பெரியதா என்று தெரியும்.

அக்குழந்தையின் நாவையே சற்று உற்றுக் கேட்போம். தாத்தா ‘கதிரை’ என்கிறார். பள்ளியில் அது நாற்காலி. தாத்தா ‘வடிவாய்க் கதைக்கிறாள்’ என்கிறார். பள்ளியில் அதைச் சொன்னால் வகுப்பே சிரிக்கும். பாண், அலவாங்கு, தேத்தண்ணி, ‘ஓம்’ என்ற மறுமொழி ஆகிய எல்லாவற்றையும் குழந்தை முகாம் வாசலில் கழற்றி வைத்துவிட்டு நம் பேச்சை அணிந்துகொண்டு பள்ளிக்குச் செல்கிறது. மாலையில் மீண்டும் மாற்றிக்கொள்கிறது. சில ஆண்டுகளில் மாற்றிக்கொள்வதையும் விட்டுவிடுகிறது. கதிரையும் அலவாங்கும் போர்த்துகீசியர் வழிவந்த சொற்கள். நம் அலமாரியும் சாவியும் அவ்வழி வந்தவையே. ஆகவே இதில் தூய தமிழ், கலப்புத் தமிழ் என்று நாம் பெருமை பேச இடமில்லை. 2009க்குப் பின் இக்குடும்பங்களுள் சில, ஐக்கிய நாடுகள் அகதிகள் ஆணையத்தின் உதவியுடன் தாயகம் திரும்பின. இங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகள் அங்கே வாயைத் திறந்ததும் ‘இந்தியாக்காரர்’ ஆயினர். பாட்டனுக்கு நேர்ந்தது பேத்திக்கும் நேர்ந்தது.

விசுவாசத்தோடு வந்த பண்பாட்டைப் பற்றியும் சிறிது கூறவேண்டும். மன்னார்க் கத்தோலிக்கர் தவக்காலத்தில் இராகத்தோடு பாடி வாசிக்கும் வியாகுலப் பிரசங்கம், 1705இல் இலங்கை வந்த கோவா நாட்டுக் குரு யாக்கோமே கொன்சால்வேஸ் இயற்றியது. ஒல்லாந்தர் நம் மறையைத் தடைசெய்திருந்த காலத்தில் ஓலைகளில் எழுதப்பட்டு ஒளிவில் பரவிய நூல்கள் அவருடையவை. அதே போல் அவர்களிடம் விடிய விடிய ஆடும் நாட்டுக்கூத்து உண்டு. கூத்துக்கு மேடை வேண்டும், அண்ணாவியார் வேண்டும், மாதக்கணக்கில் ஒத்திகை வேண்டும். மாலையில் குறித்த நேரத்துக்குள் முகாமுக்குத் திரும்பவேண்டிய கூலித் தொழிலாளி எந்த இரவில் ஒத்திகை பார்ப்பான்? நூல் அழிவதில்லை, அதைப் பாடிய தொண்டை அழிந்துவிடுகிறது.

மடு அன்னையே அடைக்கலம் தேடிச் சென்றவர்தாம் என்பதை இவ்விடத்தில் நினைவுகூரலாம். ஒல்லாந்தர் கொடுமைக்கு அஞ்சி 1670ஆம் ஆண்டளவில் மாந்தையிலிருந்த கத்தோலிக்கக் குடும்பங்கள் மாதாவின் திருச்சொரூபத்தைச் சுமந்துகொண்டு காட்டுக்குள் புகுந்தன. அவ்வாறு தங்கிய இடமே மருதமடு. பின்னும் ஒருமுறை, 2008 ஏப்ரல் மாதத்தில், குண்டுகள் நெருங்கியபோது குருக்கள் அச்சொரூபத்தைத் தேவன்பிட்டிக்கு எடுத்துச் சென்றனர். ஆகஸ்டுத் திருவிழாவுக்கு அது மடுவுக்குத் திரும்பியது. அன்னையின் சொரூபம் நான்கு மாதத்தில் வீடு திரும்பிவிட்டது. அவள் பிள்ளைகளுள் பலர் நாற்பது ஆண்டுகளாய்த் திரும்பவில்லை.

ஓர் எதிர்வாதம் எழக்கூடும். ‘நம் மறவநாட்டுக்கு வந்த அருளானந்தர் காவி உடுத்தி, தமிழ்ப் பெயர் பூண்டு, தமிழராகவே வாழவில்லையா? 1686இல் சேதுபதியின் நாட்டைவிட்டு வெளியேற்றப்பட்டும் மீண்டும் வந்து, 1693இல் ஓரியூர் மணலில் இரத்தம் சிந்தவில்லையா? அவரைப் போல் இவர்களும் சென்ற நாட்டோடு கலந்துவிட்டால் என்ன?’ இதைக் கேட்பவர் நல்ல எண்ணத்தோடுதான் கேட்கின்றனர். ஆனால் அருளானந்தர் தம்முடையதைத் தாமே மனமுவந்து கழற்றி வைத்தார். அகதியிடமிருந்து அது பிடுங்கப்படுகிறது. துறவியின் வறுமையையும் பிச்சைக்காரனின் வறுமையையும் ஒன்றென்று எவரும் கூறார்.

திருநூல் இதில் ஒரே வழியைக் காட்டி நின்றுவிடவில்லை. பாபிலோனுக்குச் சிறைப்பட்டுப் போனவர், அந்நிய மண்ணில் பாட மறுத்துத் தம் யாழை மரத்தில் மாட்டிய துயரத்தைத் திருப்பாடல் 137 கூறுகிறது. அதே மக்களுக்கு எரேமியா இறைவாக்கினர் எழுதிய மடலோ (அதிகாரம் 29), வீடு கட்டுங்கள், தோட்டம் நடுங்கள், பிள்ளைகளுக்கு மணம் முடியுங்கள், தங்கியிருக்கும் நகரின் நலனுக்காக மன்றாடுங்கள் என்னும் பொருள்பட அமைந்தது. முகாமில் ஒரே குடிசையில் இவ்விரண்டையும் காணலாம். பாட்டி யாழை மாட்டியிருக்கிறாள்; மகன் ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்கு வெளியே முருங்கையும் வாழையும் நட்டிருக்கிறான். பன்னிரண்டாம் பத்திநாதர் 1952இல் வெளியிட்ட ஏட்டில், எகிப்துக்கு ஓடிய திருக்குடும்பத்தையே எல்லா அகதிகளுக்கும் முன்மாதிரியாக நிறுத்தினார். எகிப்தில் மரியன்னை எந்த மொழியில் கடைவீதியில் பேசினார், குழந்தை இயேசு எந்தப் பிள்ளைகளோடு விளையாடினார் என்று நற்செய்தியாளர் கூறவில்லை. முகாம் தாய்மாருக்கு அது தெரிந்திருக்கக்கூடும்.

இனி, நம் பங்குக் குடும்பங்களுக்கு நேரடியாய்ப் பயன்படும் செய்தி ஒன்று. முகாம் இளைஞருக்கும் நம் பிள்ளைகளுக்கும் திருமணம் பேசும்போது, ‘ஞானஸ்நானச் சான்று கொண்டு வரட்டும்’ என்று சொல்லிப் பேச்சை முடித்துவிடும் பெற்றோர் உளர். கேட்பது முறையே. ஆனால் அக்கரையில் ஞானஸ்நானம் பெற்றவரின் பங்குக்கோயில் எரிந்து போயிருந்தால் எங்கிருந்து கொண்டு வருவர்? திருச்சபைச் சட்டத்தின் 876ஆம் பிரிவு இதற்கு வழி செய்கிறது. எவருக்கும் தீங்கு விளையாதவிடத்து, ஐயத்துக்கு இடமற்ற ஒரே சாட்சியின் வாக்குமூலம் போதும். வளர்ந்தபின் ஞானஸ்நானம் பெற்றவராயின் அவரது ஆணையே போதும். ஞானத்தாய் உயிரோடிருந்தால் அவரை அழைத்துச் செல்லுங்கள். பங்குத்தந்தையுடன் பேசுங்கள். சான்று இல்லை என்பதைத் தடையாக்கிக்கொள்ளாதீர்கள். உண்மைத் தடை வேறிடத்தில், நம் வீட்டுத் திண்ணையில், ‘முகாம் பெண்ணா?’ என்று இழுத்துக் கேட்கும் குரலில் இருக்கிறது.

அரசின் ஏடு அவ்வளவு இளகியதன்று. இந்திய மண்ணில் 1987 சூலை 1ஆம் நாளுக்கு முன் பிறந்தவர் பிறப்பாலேயே குடிமகன். அதன்பின் 2004 டிசம்பர் 3 வரை பிறந்தவருக்குத் தாய் தந்தையருள் ஒருவர் இந்தியராய் இருத்தல் வேண்டும். அதற்குப் பின் பிறந்தவருக்கு இருவருமே இந்தியராகவோ, ஒருவர் இந்தியராகவும் மற்றவர் சட்டத்துக்குப் புறம்பாய் வராதவராகவோ இருத்தல் வேண்டும். மண்டபம் முகாமில் 1986இல் பிறந்த ஒரு பெண்ணுக்குக் கடவுச்சீட்டு வழங்குமாறு சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2022இல் ஆணையிட்டது. அவர் பிறந்த நாளில் உரிமை அவருக்கு இருந்தது. அதைக் கூறும் ஆணை வருவதற்கு 36 ஆண்டுகள் ஆயின. அவருக்குப் பின் ஈராண்டு கழித்து அதே முகாமில் பிறந்த பிள்ளைக்கு, இரு பெற்றோரும் அகதிகளாயின், அந்தக் கதவும் இல்லை. 2019ஆம் ஆண்டின் குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகியவற்றிலிருந்து வந்தவரைக் கருதியது, இலங்கையைக் கருதவில்லை. இவற்றை முகாம் இளைஞரோடு பழகும் நம் ஆசிரியர்களும் இளைஞர் இயக்கத்தாரும் தெரிந்துவைத்திருத்தல் நலம். 1987 சூலைக்கு முன் இங்கே பிறந்தும், தம் உரிமையை அறியாமல் அகதிப் பதிவிலேயே காலம் கழிப்பவர் இன்னும் இருக்கக்கூடும். அத்தகையோர்க்குப் பிறப்புச் சான்றே முதல் ஆதாரம்; அது தொலைந்திருப்பின், நம் கோயில் ஏட்டில் உள்ள ஞானஸ்நானக் குறிப்பு பிறந்த நாளைத் தேடுவதற்கேனும் உதவும். ஏடுகளைக் கரையான் அரிக்காமல் காப்பது எவ்வளவு பெரிய பொறுப்பு என்று பங்குப் பேரவையினர் இதனின்று உணரலாம்.

ஆண்டுதோறும் தவக்காலத்தை ஒட்டிக் கச்சத்தீவில் புனித அந்தோனியார் திருவிழா நடைபெறுகிறது. நம்புதாளை சீனிக்குப்பன் படையாச்சி கட்டியதாகக் கூறப்படும் கோயில் அது. போரினால் நெடுங்காலம் நின்றுபோயிருந்த பெருவிழா 2010 முதல் மீண்டும் நடைபெற்று வருகிறது. இக்கரையிலிருந்து செல்வோரின் பெயர்களை இராமேசுவரம் வேர்க்கோடு பங்கு பதிந்துகொள்கிறது. அடையாள ஆவணம் காட்டவேண்டும். நெடுந்தீவிலிருந்தும் யாழ்ப்பாணத்திலிருந்தும் அக்கரையினர் வருவர். சிலுவைப்பாதை முடிந்து இரவில் மணலில் அமர்ந்து, இரு கரையினரும் சவுக்காரமும் மிட்டாயும் மாற்றிக்கொண்டு, எந்த ஊர், யார் மகன் என்று விசாரித்துக்கொள்வர். ‘வடிவாய்க் கதைக்கிறியள்’ என்று அங்கே ஒருவர் சொன்னால் எவரும் சிரிப்பதில்லை.